தேவாங்கைப் பார்க்கப் போகிறீர்களா? பழனி மலையடிவாரத்தில் அனுமதிக் கடிதம் முதல் கேமரா வரை

தேவாங்கு இரவில் நடமாடும், மரத்தில் வாழும் சின்னஞ்சிறு விலங்கு. அதில் ஒன்றை ஒழுங்காகப் பார்த்துப் படமெடுக்க எனக்கு நான்கு பயணம் தேவைப்பட்டது. முதல் பயணத்தில் இடம் தவறு. இரண்டாவதில், இரவு சஃபாரி என்று முன்பணம் வாங்கிய ஒரு விடுதிக்காரர் எந்த அனுமதியும் இல்லாமல் எங்களைக் காட்டுக்குள் ஏற்றிப்போகப் பார்த்தார். ரோந்து வந்த வனத்துறை ஜீப் வழியிலேயே மறித்து, பெயரும் முகவரியும் எழுதிக்கொண்டு திருப்பி அனுப்பியது. மூன்றாவதில் காகிதமெல்லாம் சரி, கொடுத்த அலுவலகம் தவறு. நீங்கள் முதல் பயணத்திலேயே பார்த்துவிட வேண்டும், அந்த உயிருக்கும் உங்களால் தொல்லை வரக் கூடாது என்பதற்காக இதை எழுதுகிறேன்.

1. கொடைக்கானலில் அறை போடாதீர்கள்

பழனி மலை என்றதும் எல்லோரும் கொடைக்கானலுக்குத்தான் டிக்கெட் எடுக்கிறோம். ஊர் இருப்பது கடல் மட்டத்திலிருந்து சுமார் 2,100 மீட்டர் உயரத்தில். அந்தக் குளிரிலும் சோலைக்காட்டிலும் டார்ச்சோடு நின்று பலனில்லை. நீங்கள் தேட வேண்டிய இடம் கீழே, வறண்ட சரிவும் முள்காடும் புளியந்தோப்பும் கலந்து கிடக்கும் அடிவாரம். உசிலை, வெள்வேல், கள்ளிப்புதர், கிளுவை வேலி, இவை அடர்ந்து ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கிற இடமாக இருக்க வேண்டும். தேவாங்கு குரங்கைப் போலத் தாவாது. ஒரு கிளையை விடுமுன் அடுத்த கிளையைப் பிடித்தாக வேண்டும். கிளைகள் தொட்டுக்கொள்ளாத தோப்பில் அது நடமாட வழி இல்லை.

தங்குவதற்கு வத்தலக்குண்டு, ஒட்டன்சத்திரம், திண்டுக்கல் மூன்றுமே வசதி. தேவாங்குக்கென்றே அறிவிக்கப்பட்ட சரணாலயத்துக்குப் போவதென்றால் திண்டுக்கல்லில் தங்குங்கள். கடவூர் தேவாங்கு சரணாலயம் பழனி மலைக்குள் இல்லை. திண்டுக்கல்லுக்கு வடகிழக்கே, திண்டுக்கல், கரூர் இரண்டு மாவட்டத்திலும் பரந்து கிடக்கும் குன்றுகள் அவை. 2022 அக்டோபரில் அறிவிக்கப்பட்டது, பரப்பு 11,806 ஹெக்டேர். இந்தியாவில் தேவாங்குக்காக அமைந்த முதல் சரணாலயம் இதுதான். திருச்சி சாலையில் வடமதுரை தாண்டி அய்யலூர் வந்தால் அந்தக் குன்றுகள் கண்ணில் படும்.

2. மரம் யாருடைய நிலத்தில் நிற்கிறது என்று கேளுங்கள்

நான் அலைந்த அலைச்சல் முழுவதும் இந்த ஒரு கேள்வியைக் கேட்காததால் வந்தது. தேவாங்குக்கு எல்லைக்கல் தெரியாது. ஒரே இரவில் காப்புக்காட்டு ஓரத்திலிருந்து இறங்கி ஒருவரின் புளியமரத்தில் மேய்ந்துவிட்டுத் திரும்பும். உங்களுக்கு மட்டும் அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கம் ஒரு சட்டம், அந்தப் பக்கம் இன்னொரு சட்டம்.

நிலம் மூன்று வகை. பட்டா நிலம் என்றால் உரிமையாளரின் சம்மதம் வேண்டும். சரணாலயத்தில் சேராத காப்புக்காடு என்றால் மாவட்ட வன அலுவலரின் அனுமதி. சரணாலயம் என்றால் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம், 1972-இன் 28ஆவது பிரிவின்படி தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி. பழனி மலைக் காடுகளில் சுமார் 609 சதுர கிலோமீட்டர் 2013 முதல் கொடைக்கானல் வன உயிரினச் சரணாலயம் ஆகிவிட்டது. ஆகவே ரோட்டோரம் பலகை எதுவும் இல்லையே என்று சரிவில் கால் வைத்துவிடாதீர்கள். ஊர்க்காரர் சொல்லும் எல்லையையும் மட்டும் நம்பாதீர்கள். வனவரையோ வனக்காப்பாளரையோ பகலில் பார்த்து, "நான் நிற்கப்போகும் இடம் இது, இது உங்கள் எல்லைக்குள் வருமா?" என்று கையைக் காட்டிக் கேட்டுவிடுங்கள். ஐந்து நிமிட வேலை.

3. புதியவர்களுக்குப் பட்டா நிலமே நல்லது

முதல் தடவை பார்ப்பவர் சரணாலயத்துக்குள் போகவே வேண்டாம் என்பது என் கருத்து. மலையடிவாரத் தோட்டங்களின் வேலியிலும் புளியந்தோப்பிலும் பார்க்க வாய்ப்புண்டு, காட்டுக்குள் உங்கள் காலடியும் படாது.

தோட்டக்காரரிடம் பகலில் போங்கள். கேமராவைக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு போக வேண்டாம். யார், எந்த ஊர், எதற்கு வந்தீர்கள் என்பதைச் சொல்லி, எத்தனை பேர், எத்தனை மணி வரை என்று பேசிக்கொள்ளுங்கள். பெயர், தேதி, சர்வே எண், சம்மதம் ஆகியவற்றை ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து வாங்கிவிடுங்கள். அதன் நகலோடு வனச்சரக அலுவலகத்தில் ஒரு தகவல் கடிதம் கொடுத்து, பெற்றுக்கொண்டதாக இன்னொரு நகலில் முத்திரை வாங்குங்கள். பட்டா நிலத்துக்கு எதற்கு இது என்று தோன்றும். இரவு பத்து மணிக்கு வேலியோரம் டார்ச் அடித்துக்கொண்டு நிற்கும் அந்நியரைப் பார்த்தால் ஊர்க்காரர்கள் முதலில் சந்தேகப்படுவது திருட்டை, அடுத்து தேவாங்கு பிடிப்பவர்களை. மாந்திரீகத்துக்கும் நாட்டு மருந்துக்கும் ஜோசியத்துக்கும் இதைப் பிடித்து விற்றவர்கள் உண்டு. அந்தச் சந்தேகம் நியாயமானதுதான். முத்திரை போட்ட ஒரு தாள் அதைத் தீர்த்துவிடும்.

ஒன்றை மறக்க வேண்டாம். வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் மிக உயர்ந்த பாதுகாப்புப் பெறும் உயிரினங்களின் பட்டியலான முதல் அட்டவணையில் தேவாங்கு இருக்கிறது. பட்டா நிலத்தில் இருந்தாலும் அதே பாதுகாப்புதான். அதைப் பிடிப்பது, விரட்டுவது, இரை வைத்து இழுப்பது எல்லாமே சட்டத்தின் கண்ணில் "வேட்டை". தண்டனை 3 முதல் 7 ஆண்டு சிறை, 25,000 ரூபாய்க்குக் குறையாத அபராதம். நல்ல படத்துக்காகக் கிளையில் வெல்லத்தைத் தடவி எறும்பு சேர்க்கலாம் என்று யாராவது யோசனை சொன்னால் அங்கிருந்து கிளம்பிவிடுங்கள்.

4. சரணாலயம்தான் என்றால்: காகிதங்கள்

முதலில் எந்தக் கோட்டம் என்று உறுதி செய்யுங்கள். நான் போக விரும்பிய இடம் ஒரு கோட்டத்தில், மனுவைக் கொடுத்தது இன்னொரு கோட்டத்தில். அது அங்கேயே ஐந்து வாரம் கிடந்து, "எங்கள் எல்லை இல்லை" என்ற ஒற்றை வரியோடு திரும்பி வந்தது. திண்டுக்கல் வனக்கோட்டம், கொடைக்கானல் வனக்கோட்டம் இரண்டும் தனித்தனி. கரூர்ப் பக்கம் என்றால் அதுவும் வேறு. மாவட்டத்தை வைத்து முடிவு செய்யாமல் காப்புக்காட்டின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள். மனுவிலும் அந்தப் பெயரையே எழுதுங்கள்.

மனுவைத் தலைமை வன உயிரினக் காப்பாளருக்கு எழுதி, மாவட்ட வன அலுவலர் வழியாக அனுப்புவதுதான் எனக்குப் பலித்தது. நேராகச் சென்னைக்கு அனுப்பினாலும் கருத்துக் கேட்டுக் கீழே வந்துதான் திரும்பும். என் மனுவோடு வைத்தவை:

- ஆதார் நகல், பாஸ்போர்ட் அளவுப் படம் இரண்டு. உடன் வருபவர்களுக்கும் இதேதான்.
- எந்தத் தேதி, எத்தனை இரவு, எத்தனை மணி முதல் எத்தனை மணி வரை. மாற்றுத் தேதிகளையும் எழுதுங்கள், மழை வந்தால் புதிதாக மனுப் போட வேண்டியிருக்காது.
- கேமரா, லென்ஸ், முக்காலி, விளக்குப் பட்டியல். கேமராவின் வரிசை எண்ணையும் கேட்கலாம்.
- வண்டி எண், ஓட்டுநர் உரிம நகல்.
- படம் எதற்கு: சொந்த விருப்பமா, பத்திரிகையா, விற்பனையா. விற்பனை என்றால் மறைக்காதீர்கள், அதற்கு நடைமுறையும் கட்டணமும் வேறு.
- உறுதிமொழிக் கடிதம்: ஃபிளாஷ் போட மாட்டேன், டிரோன் கொண்டுவர மாட்டேன், கிளையை வெட்டவோ வளைக்கவோ மாட்டேன், வனப்பணியாளர் இல்லாமல் நடக்க மாட்டேன், இடத்தை வெளியிட மாட்டேன்.

கடைசிக் கடிதத்தை யாரும் கேட்கவில்லை, நானாகவே வைத்தேன். சட்டத்தின் 28ஆவது பிரிவு இப்போது படமெடுக்க அனுமதிப்பதே வாழிடத்தில் மாற்றமும் பாதிப்பும் ஏற்படுத்தக் கூடாது என்ற நிபந்தனையோடுதான். அதை நாமே எழுதிக் கொடுத்தால் பரிந்துரைப்பவருக்கும் வேலை எளிது.

இரவு நேரம் என்பதால் மறுப்பு வரலாம். வந்தால் சண்டை போட வேண்டாம், "சூரியன் மறைந்து இரண்டு மணி நேரம் மட்டும், வனப்பாதையை விட்டு இறங்காமல்" என்று சுருக்கி மறுபடி கேளுங்கள். எனக்கு அப்படித்தான் கிடைத்தது. மனு கொடுத்த நாளிலிருந்து அனுமதி கையில் கிடைக்க ஏறக்குறைய இரண்டு மாதம் ஆனது. மூன்று மாதம் முன்பே தொடங்குங்கள். அனுமதி கிடைக்குமுன் ரயில் டிக்கெட்டும் அறையும் பதிவு செய்துவிட்டு அலுவலகத்தை அவசரப்படுத்துவதில் பயனில்லை.

"டிரெக் தமிழ்நாடு" தளத்தில் டிக்கெட் எடுத்தால் போதுமே என்று சிலர் கேட்கிறார்கள். அது பகல் மலையேற்றத்துக்கு. இரவில் படமெடுக்க அது அனுமதி ஆகாது.

5. செலவு

அரசுக் கட்டணத்தை நான் இங்கே எழுதவில்லை. இடத்துக்கும் கேமராவுக்கும் நோக்கத்துக்கும் ஏற்ப மாறும், அனுமதிக் கடிதத்திலேயே தொகை வரும். ரசீது இல்லாமல் யாருக்கும் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். "நான் பார்த்துக்கொள்கிறேன், சார்கிட்ட சொல்லியாச்சு" என்பவர்தான் என் இரண்டாவது பயணத்தைக் கெடுத்தவர். அந்த முன்பணம் இன்றுவரை வரவில்லை.

மற்றபடி எனக்குக் கூடுதலாக ஆனது வண்டி வாடகை. இரவு பத்து மணிக்கு மேல் அடிவாரக் கிராமங்களிலிருந்து பஸ்ஸை நம்ப முடியாது. காத்திருந்து திரும்புவதற்கும் சேர்த்து இரண்டு இரவுக்கு 4,000 ரூபாய் பேசினேன். அறை நாளுக்கு 900. சிவப்பு விளக்கு உள்ள தலைவிளக்கு 700. தோட்டக்காரர் பணம் வாங்க மறுத்துவிட்டார். அடுத்த வாரம் அவர் வீட்டாரோடு சேர்த்து எடுத்த ஒரு படத்தைச் சட்டம் போட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தேன். உங்களோடு வரும் வேட்டைத் தடுப்புக் காவலருக்குச் சாப்பாடும் டீயும் உங்கள் செலவு என்று வைத்துக்கொள்ளுங்கள். நமக்காகக் கூடுதல் நேரம் நிற்கிறவர் அவர்.

6. மாதமும் நேரமும்

தை மாதம் எனக்குப் பிடித்தது. ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்ந்திருக்கும், காற்று இருக்காது, பூச்சி இருக்கும். பிப்ரவரி நடுவிலிருந்து ஏப்ரல் நடுவரை காட்டுத்தீ காலம். அப்போது மலையேற்றத்தையே மூடிவிடுகிறார்கள், மனுப் போட வேண்டாம். ஆடிக்காற்று அடிக்கும்போது எல்லாக் கிளையும் ஆடும், எதுவும் காதில் விழாது.

நேரம்: பொழுது சாய்ந்ததிலிருந்து இரண்டு மணி நேரம். பகலெல்லாம் முள்புதருக்குள் உருண்டையாகச் சுருண்டு தூங்கியது, இருட்டத் தொடங்கியதும் வெளியே வரும். அந்த வேளையில் மெல்லிய சீழ்க்கை போலக் குரல் கொடுக்கும். வெளிச்சம் இருக்கும்போதே போய் உட்கார்ந்து, விளக்கில்லாமல் அந்தச் சத்தத்துக்குக் காது கொடுங்கள். நடந்து தேடுவதைவிட இதில் பலன் அதிகம். பகலிலேயே அது தூங்கும் புதரைக் கண்டுபிடித்துக் காட்டுகிறேன் என்று யாராவது சொன்னால் மறுத்துவிடுங்கள்.

முழுக்கால் சட்டையும் கணுக்கால் மூடும் ஷூவும் கட்டாயம். கட்டுவிரியனும் கண்ணாடி விரியனும் சுருட்டையும் நடமாடும் நேரமும் அதேதான். மேல்சரிவுத் தோட்டங்களில் யானையும் காட்டுமாடும் வரும். தோட்டக்காரர் "இன்னைக்கு வேணாம்" என்றால் அன்று வேண்டாம்.

7. விளக்கு

வெள்ளை டார்ச்சை நடக்கும் பாதைக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அதுவும் தரையைப் பார்த்து. மரத்தைப் பார்க்கச் சிவப்பு ஒளிதான். சிவப்பு வசதி இல்லாத டார்ச் என்றால், ஸ்டேஷனரிக் கடையில் கிடைக்கும் சிவப்பு செல்லோஃபேன் தாளை மூன்று மடிப்பாக ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டினாலும் போதும். ஒளியை நம் கண் மட்டத்தில் பிடித்து மெதுவாக ஓட்டுங்கள். தேவாங்கின் கண்ணுக்குப் பின்னால் ஒளியைத் திருப்பியனுப்பும் படலம் இருக்கிறது. நெருங்கி அமைந்த இரண்டு கங்குகள் போல, முன்னோக்கி, ஆரஞ்சு நிறத்தில் தெரியும். தரையில் ஒற்றையாகச் சிவந்து தெரிவது பெரும்பாலும் பக்கி என்ற இராப்பறவை. விறுவிறுவென்று கிளையில் ஓடும் கண்கள் மரநாயுடையவை.

கண் தெரிந்ததும் ஒளியை விலக்கி, ஓரத்து மங்கல் வெளிச்சம் மட்டும் படும்படி வையுங்கள்.

8. மரத்தடியில்

இந்தப் பகுதிக்காகத்தான் மற்றதையெல்லாம் எழுதினேன்.

நான்காவது பயணத்தின் முதல் இரவு. கிளுவை வேலியில் பத்தடி உயரத்தில் ஒன்றைப் பார்த்தோம். ஒரு சாணுக்குச் சற்றுக் கூடுதலான உடம்பு, வால் இல்லை, குச்சி போன்ற கைகள், மொத்த எடை 300 கிராமுக்குள். அவசரத்தில் என் விரல் தலைவிளக்கின் தவறான பொத்தானில் பட்டு, வெள்ளை ஒளி நேராக அதன் முகத்தில் அடித்தது. அது அசையவில்லை. ஒரு கை அடுத்த கிளையை நோக்கி நீண்டபடி அப்படியே நின்றது. ஆஹா, நமக்காக நிற்கிறது என்று நினைத்து நான் கேமராவைத் தூக்கினேன். தோட்டக்காரர் என் தோளைத் தொட்டார்.

"அது ஓடாது தம்பி. பயந்தா அப்படியேதான் நிக்கும். நீங்கதான் நகரணும்."

பின்னால் போய் விளக்கை அணைத்து உட்கார்ந்தோம். வெகுநேரம் கழித்துச் சிவப்பு ஒளியில் பார்த்தபோதும் அந்தக் கை நீட்டியபடியே இருந்தது. வயிற்றில் ஒரு குட்டி ஒட்டிக்கொண்டிருந்ததை அப்போதுதான் பார்த்தேன். அன்று நான் படம் எடுக்கவில்லை.

மானுக்குப் பிடிக்கவில்லை என்றால் ஓடிவிடும், நமக்குத் தெரிந்துவிடும். தேவாங்கிடம் அந்த அறிகுறி கிடையாது. அசையாமல் நிற்பதுதான் அதன் தற்காப்பு. நிம்மதியாக இருக்கும் தேவாங்கு நகர்ந்துகொண்டே இருக்கும், மோந்து பார்க்கும், இரை பிடிக்கும். மறுநாள் இரவு அதைப் பார்த்தேன். வெள்வேல் கிளையில் பின்னங்கால் இரண்டையும் பற்றிக்கொண்டு, உடம்பை முன்னால் நீட்டி, இரண்டு கையாலும் ஒரு பூச்சியைச் சட்டென்று அமுக்கியது. தின்னும்போது கண்ணை இறுக மூடிக்கொண்டது. தின்று முடித்து விரல்களை ஒவ்வொன்றாக நக்கியது.

அதனால் நான் வைத்திருக்கும் கணக்கு இது. பத்து மீட்டருக்குக் கிட்டே போவதில்லை. ஒரு தேவாங்குக்கு ஐந்து நிமிடம், அதற்குள் அது உறைந்து நின்றால் உடனே விளக்கை அணைத்துவிடுவது. ஒரு மரத்தடியில் மூன்று பேருக்கு மேல் இல்லை. முன்னால் முள் மறைத்தால் மறைக்கட்டும். அந்த முள்தான் அதை நாயிடமிருந்தும் ஆந்தையிடமிருந்தும் காக்கிறது. கிளையில் குட்டி மட்டும் தனியாக இருந்தால் அநாதை என்று எடுத்துவிடாதீர்கள். தாய் அந்தியில் குட்டியைக் கிளையில் விட்டுவிட்டு இரை தேடப் போய்த் திரும்பி வருவது வழக்கம்.

9. கேமரா

ஃபிளாஷைக் கழற்றி அறையிலேயே வைத்துவிட்டு வாருங்கள், கையில் இருந்தால் சபலம் வரும். கேமராவில் ஃபோகஸுக்கு உதவும் சிறு விளக்கு ஒன்று தானாக எரியும், மெனுவில் போய் அதை அணையுங்கள். நான் பயன்படுத்தியது 70–200 லென்ஸ், எஃப் 2.8, ஐஎஸ்ஓ 6400, ஷட்டர் 1/60. முக்காலி இல்லாமல் முடியாது. கையால் ஃபோகஸ் செய்யப் பகலில் ஒரு மரக்கிளையை வைத்துப் பழகிவிட்டுப் போங்கள். ஷட்டர் சத்தத்தைக் குறைக்கும் வசதி இருந்தால் போடுங்கள். சிவப்பு ஒளியில் எடுத்த படம் முழுக்கச் சிவப்பாகவே வரும், ரா கோப்பாக எடுத்து வீட்டில் கறுப்பு வெள்ளையாக மாற்றினால் ரோமமும் கண்ணைச் சுற்றிய கருவளையமும் அழகாகத் தெரியும். நாற்பது படத்தில் எனக்கு மூன்றுதான் தேறியது. போனில் எடுக்க முயல வேண்டாம், அதற்குக் கிட்டே போக வேண்டியிருக்கும்.

10. படத்தை வெளியே விடுமுன்

கேமராவிலும் போனிலும் இருப்பிடப் பதிவைக் கிளம்பும்போதே நிறுத்திவிடுங்கள். படத்தோடு ஊர், தோப்பு, கோயில், அணை எதையும் எழுத வேண்டாம், "திண்டுக்கல் மாவட்டம்" போதும். பின்னணியில் பம்புசெட், பெயர்ப்பலகை தெரிந்தால் வெட்டிவிடுங்கள். தெரிந்தவர் தனியாகக் கேட்டாலும் சொல்லாதீர்கள். நான் பார்த்த தோட்டம் எந்த ஊரில் என்று இங்கே எழுதாததும் இதனால்தான். வனச்சரக அலுவலகத்துக்கு மட்டும் தேதி, இடம், எண்ணிக்கையோடு ஒரு நகல் கொடுங்கள், அவர்களின் பதிவுக்கு உதவும்.

11. சாலையில் அடிபட்டதைப் பார்த்தால்

இரவில் திரும்பும்போது இதற்கும் தயாராக இருங்கள். கிளைத் தொடர்ச்சி அறுந்த இடத்தில் தேவாங்கு தரையில் இறங்கி ரோட்டைக் கடக்கும், இல்லையென்றால் மின்கம்பியில் ஏறும். நடந்துகொண்டிருந்தால் வண்டியை நிறுத்தி, எதிரே வருபவரையும் நிறுத்தச் சொல்லி, அது தானாகக் கடக்க விடுங்கள். கையால் தூக்காதீர்கள், கடிக்கும். அடிபட்டுக் கிடந்தால் முதலில் வனச்சரக அலுவலகத்துக்கு போன் செய்து அவர்கள் சொல்வதைச் செய்யுங்கள். அந்த எண்ணைப் பகலிலேயே வாங்கி வைத்துக்கொள்வது நல்லது. எடுத்து வைக்கச் சொன்னால் தடித்த துணியால் மூடி, காற்று ஓட்டை போட்ட அட்டைப்பெட்டியில் வைத்து, சத்தமும் வெளிச்சமும் இல்லாத இடத்தில் விடுங்கள். பாலோ பழமோ கொடுக்க வேண்டாம். மின்கம்பியில் அடிபட்டிருந்தால் கம்பியையும் அதையும் தொடாமல் விலகி நின்று, மின்வாரியத்துக்கும் வனத்துறைக்கும் சொல்லுங்கள். கம்பத்தில் பெயின்டால் எழுதியிருக்கும் எண்ணைப் படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். எந்தக் கம்பம் என்று லைன்மேன் கேட்பார்.